டிரம்ஸ்: கிடையாது

டமாரம் என்று அவனுக்குப் பேர் வைத்தது அவன் அக்காதான். பெற்றவர்கள் வைத்த பேர் ஒன்று இருக்கத்தான் செய்தது. அதைச் சொல்லிக் கூப்பிட்டால் அவனே திரும்பிப் பார்க்கமாட்டான், அப்புறம் அது எதற்கு நமக்கு? சின்ன வயதிலிருந்தே கைக்கு எது அகப்பட்டாலும் தட்டுவான். சாப்பாட்டு மேசை, பாத்திரம், பள்ளிக்கூட பெஞ்சு, முன் பெஞ்சில் இருக்கிறவன் முதுகு. "டேய் டமாரம், நிறுத்துடா!" என்று அக்கா கத்துவாள். அவன் தட்ட, அவள் கத்த, அவன் தட்ட, அவள் கத்த, கடைசியில் ஒருநாள் அதுவே ஒரு பாட்டு மாதிரி ஆகிவிட்டது. ஒரு கிதார்காரனையும் ஒரு பேஸ் கிதார்காரனையும் பிடித்துப்போட்டு, அக்காவும் தம்பியும் பங்க் ராக் என்கிற இரைச்சல் இசைக்குழு ஆரம்பித்தது அப்படித்தான்.

சும்மா சொல்லக்கூடாது, குழு நன்றாகவே ஓடியது. அக்கா பாடுவாள். பாடுவாள் என்பது மரியாதைக்குச் சொல்வது, உண்மையில் கத்துவாள். ஆனால் அழகான கத்தல். பாட்டுகள் எல்லாம் குட்டிக் குட்டிப் பாட்டுகள். தும்மல் வருகிற மாதிரி இருக்கிறதே என்று கைக்குட்டையைத் தேடினால், தும்முவதற்குள் பாட்டு முடிந்திருக்கும்.

அதற்குக் காரணமும் டமாரம்தான். அவனுக்கு வேகம். பாட்டு எந்த வேகத்தில் ஆரம்பித்தாலும் பாதி வழியில் இவன் முன்னால் போய்விடுவான். மற்ற மூன்று பேரும் பஸ்ஸைத் துரத்துகிற மாதிரி பின்னால் ஓடிவர வேண்டும். பேச்சிலும் அதே கதைதான். எதிரில் இருப்பவர் வாயைத் திறந்தால் போதும், மிச்ச வாக்கியத்தை இவன் முடித்துவிடுவான், அதுவும் தப்பாக. "எங்க அப்பாவுக்கு நேத்து..." என்று ஒருத்தர் ஆரம்பித்தால், "அடடா, எந்த ஆஸ்பத்திரி?" என்பான். "ஆஸ்பத்திரி இல்லப்பா, பிரமோஷன் கிடைச்சிருக்கு" என்பார் அவர். வாழ்க்கை முழுக்க இப்படி அசடு வழிந்திருக்கிறான். திருந்தினானா? அதெல்லாம் இல்லை.

குழு உடைந்த கதையைச் சொல்லாமல் மேலே போக முடியாது. அவர்களுடைய பாட்டு ஒன்றில் கடைசி வரிக்கு முன்னால் ஒரு இடம் உண்டு. அக்கா அங்கே நிற்பாள். ஒரு மூச்சு எடுத்துக்கொண்டு, சட்டென்று குரலைத் தாழ்த்தி அந்த வரியைச் சொல்வாள். சொல்வாள் என்றால், சொல்ல ஆசைப்படுவாள். தம்பி ஒருநாளும் அங்கே நின்றது கிடையாது. ரயில் சின்ன ஸ்டேஷனில் நிற்காமல் போகிற மாதிரி தடதடவென்று போய்விடுவான். ஒரு கச்சேரியில் அக்கா பொறுக்கமாட்டாமல் மைக்கைக் கீழே போட்டாள். திரும்பி அவனைப் பார்த்து, "இத்தனை வருஷத்துல ஒரே ஒரு நாளாவது நான் பாடுறதை நீ கேட்டிருக்கியாடா?" என்றாள். மேடையை விட்டு இறங்கிப் போய்விட்டாள்.

இதில் கொடுமை என்னவென்றால், அந்தக் கேள்வியையும் அவன் கேட்கவில்லை. பாட்டை முடித்துவிட்டுத்தான் நிமிர்ந்தான். அக்கா என்ன சொன்னாள் என்று கிதார்காரன் பிறகு வண்டியில் வைத்துச் சொன்னபோதுதான் அவனுக்குத் தெரியும். அன்றைக்கு வண்டியை ஓரங்கட்டி நிறுத்திவிட்டு, ஸ்டியரிங்கில் தலையை வைத்துக்கொண்டு அழுதான்.

அதற்கப்புறம் அக்கா அவனோடு பேசாமல் எல்லாம் இல்லை. வீட்டு விசேஷம், உடம்பு நலம், வாடகை உயர்வு, எல்லாம் பேசுவாள். பாட்டைப் பற்றி மட்டும் மூச்சு விடமாட்டாள். இவனும் டிரம்ஸைத் தொடவில்லை.

கிதார்காரன் டிரைவிங் ஸ்கூலில் வாத்தியார் ஆனான். பேஸ்காரன் கல்யாணம் பண்ணிக்கொண்டு காணாமல் போனான். டமாரத்திடம் மிஞ்சியது அந்த வண்டி. எந்த ராக் குழுவிலும் வண்டி டிரம்மரிடம்தான் இருக்கும், கவனித்துப் பாருங்கள். கிதார்காரன் கிதாரை முதுகில் மாட்டிக்கொண்டு பஸ் ஏறிவிடுவான். டிரம்ஸை முதுகில் மாட்டிக்கொண்டு எந்த பஸ்ஸில் ஏறுவது? அந்த வண்டியால், எந்த ஹாலில் பின்வாசல் எங்கே இருக்கிறது, எந்தக் குழுவில் யாருக்கு யாரைக் கண்டால் ஆகாது, போஸ்டர் அடிக்கிறவர் எத்தனை முறை போன் பண்ணினால் எடுப்பார், எல்லாம் அவனுக்கு அத்துப்படி. மற்ற குழுக்களின் சாமான்களை ஏற்றி இறக்கிக்கொண்டிருந்தவன், அவர்கள் கேசட்டுகளையும் ஏற்றி இறக்கினான். பிறகு அவனே கேசட் போட்டுக் கொடுத்தான். யோசித்துப் பார்த்தால் அதற்குப் பேர்தான் ரெக்கார்டு கம்பெனி என்று அவனுக்கு உறைத்தது.

கம்பெனிக்கு 'பக்கத்து வீடு ரெக்கார்ட்ஸ்' என்று பேர் வைத்தான். "நம்ம பாட்டை முதல்ல கேட்டவங்க அவங்கதானே, அதுவும் ஓசியில" என்று விளக்கம் வேறு. ஆபீஸ், அக்கா புருஷனுடைய பல் ஆஸ்பத்திரிக்கு மேலே ஒரு ஒற்றை அறை. அவன் மாமா என்று கூப்பிடுகிற அந்த டாக்டர் நல்ல மனிதர், வாடகை என்று வாயைத் திறக்கவே இல்லை. பழைய டிரம்ஸ் ஸ்டூல் முதலாளி நாற்காலி ஆனது. சிம்பல் என்கிற தாளத்தட்டை மாட்டுகிற ஸ்டாண்டில் சட்டை தொங்கியது. கீழே மாமா பல்லைத் துளைக்கிற சத்தம், மேலே இரைச்சல் குழுக்களின் கேசட் சத்தம். சிகிச்சைக்கு வருகிறவர்கள் பாவம், எதற்குப் பயப்படுவது என்றே தெரியாமல் உட்கார்ந்திருப்பார்கள்.

அவர்களுக்காகத்தான் அக்கா பாட ஆரம்பித்தாள்.

அவள் ஆஸ்பத்திரி முன்மேசையில் உட்கார்ந்து டோக்கன் கொடுக்கிற வேலை பார்த்தாள். பயந்து நடுங்குகிற ஒரு குழந்தைக்காக ஒருநாள் மேசைக்குப் பின்னாலிருந்து ஒரு கிதாரை எடுத்து மெல்லப் பாடினாள். கத்தல் இல்லை. பக்கத்தில் இருப்பவருக்கு மட்டும் கேட்கிற குரல். தானே எழுதிய பாட்டு. குழந்தை அடங்கியது; குழந்தையின் அப்பா கண்ணைத் துடைத்துக்கொண்டார். அன்றிலிருந்து அது வழக்கமாகிவிட்டது. பல்வலி உள்ளவர்கள் வந்தார்கள், இல்லாதவர்களும் வந்தார்கள். ஒருவர் தினமும் வருவார், அவருக்கு வாயில் பல்லே கிடையாது. "என்ன சிகிச்சைக்கு வந்திருக்கீங்க?" என்று மாமா கேட்டதற்கு, "பாட்டுக்கு" என்று ஈறு தெரியச் சிரித்தார். பொக்கைவாய்க்காரர் என்று எல்லோரும் அவரைப் பிரியமாகச் சொன்னார்கள், அவரும் கோபித்துக்கொள்ளவில்லை.

டமாரத்துக்குக் கேசட் அலுத்துவிட்டது. கம்பெனி என்றால் ஒரு இசைத்தட்டாவது போட வேண்டாமா? கறுப்பாக, வட்டமாக, கையில் பிடித்தால் கனமாக. யாருடைய பாட்டைப் போடுவது என்பதில் அவனுக்குச் சந்தேகமே இல்லை. மாடியிலிருந்து இறங்கிவந்து முன்மேசையில் முழங்கையை ஊன்றினான்.

"அக்கா, உன் பாட்டை நான் தட்டா போடறேன்."

அக்கா டோக்கனை அடுக்கிக்கொண்டே, "நீயா?" என்றாள்.

"நான் டிரம்ஸ் வாசிக்க..."

"ஒரு நிபந்தனை. நான் சொல்லி முடிக்கிற வரைக்கும் வாயைத் திறக்காதே."

"திறக்கவே..."

"இப்பத் திறந்துட்டே."

வாயை மூடிக்கொண்டான். அக்கா நிதானமாகச் சொன்னாள். "இந்தத் தட்டுல டிரம்ஸ் கிடையாது. ஒரு அடி, ஒரு தட்டு, எதுவும் கூடாது. மேசையைத் தட்டற சத்தம்கூட வரக்கூடாது. வந்துச்சுன்னா பாட்டை எல்லாம் வாங்கிட்டுப் போயிடுவேன். அதுக்கப்புறம் உன்கிட்ட பாட்டைப் பத்திப் பேச்சே கிடையாது, செத்தாலும் கிடையாது. இப்பச் சொல்லு."

"சத்தியமாக்கா" என்றான். அவளோடு மறுபடியும் ஒரு பாட்டு விஷயம் பேச அவனுக்கு வாய்த்திருக்கிறது. இதையும் கெடுத்தால் இன்னொரு முறை கிடைக்காது என்று அவனுக்கு நன்றாகவே தெரியும். அந்த வேகத்திலேயே போய் உறைக்கு ஆர்டர் கொடுத்தான். பின்பக்கம் கொட்டை எழுத்தில் அச்சடிக்கச் சொன்னான்: 'குரல், கிதார்: அக்கா. டிரம்ஸ்: கிடையாது.' அச்சுக்காரர், "இல்லாததை எதுக்குங்க போடறீங்க?" என்று கேட்டார். "அது குடும்ப விஷயம்" என்றான் டமாரம்.

பதிவு, விடுமுறை நாளில் ஆஸ்பத்திரி முன்னறையிலேயே நடந்தது. அக்கா தனக்குப் பழகின அந்த மேசைக்குப் பின்னால்தான் பாடுவேன் என்றுவிட்டாள். டமாரம் உள்ளே இல்லை. தெருவைக் காவல் காத்தான். ஹாரன் அடிக்க வந்த வண்டிகளைக் கும்பிட்டு அனுப்பினான், குரைக்க வந்த நாயோடு தகராறு பண்ணினான், கதவை இழுத்துச் சாத்தப்போன ஒரு வீட்டுக்காரரின் கையைப் பிடித்துக்கொண்டான். ஆகவே இந்த முறையும் அக்கா பாடியதை அவன் கேட்கவில்லை. ஆனால் இந்த முறை அவளுக்காகத்தான் கேட்கவில்லை, அதையும் கணக்கில் வைத்துக்கொள்ளுங்கள்.

அடுத்த வேலை, தட்டு வெட்டுவது. அதற்கு ஒருவர் இருந்தார். பழைய கட்டடத்தின் மாடியில், மரத்தரை போட்ட ஒரு அறையில், தன் இயந்திரத்தோடு குடித்தனம் நடத்துகிற மாதிரி இருந்தார். பேசினால் கிசுகிசுப்பாகத்தான் பேசுவார். மெழுகு மாதிரி மிருதுவான ஒரு தட்டு சுற்றும். அதன் மேல் ஊசி இறங்கிப் பாட்டைக் கோடாக வெட்டிக்கொண்டே போகும். அதைத் தொழிற்சாலைக்கு அனுப்பினால் அச்சு எடுப்பார்கள்.

"வெட்டின தட்டைப் போட்டுக் கேட்க முடியாதா?" என்றான் டமாரம்.

"ஒருதரம் போட்டாலும் கெட்டுப்போயிடும். தொழிற்சாலையில இருந்து மாதிரித் தட்டு வரும், அதுலதான் கேட்கணும்." அவர் செருப்பைக் கழற்றச் சொன்னார். "ஊசி இறங்கினதும் இந்த ரூம்ல எறும்புகூட நடக்கக்கூடாது. தரை ஆடினா ஊசி ஆடும், ஊசி ஆடினா..."

"...தட்டு உடைஞ்சிடும்!"

"உடையாது. ஆட்டமும் பாட்டோட சேர்ந்து பதிஞ்சிடும்" என்றார் அவர், வேதனையோடு.

டமாரம் தன்னைத் தானே நன்றாக அறிந்தவன். கைகள் இரண்டையும் தொடைக்கு அடியில் வைத்து, அதன் மேல் உட்கார்ந்துகொண்டான். போதாதென்று பல்லையும் கடித்துக்கொண்டான். தட்டு வெட்டுகிறவர் ஹெட்போனை மாட்டிக்கொண்டு, பூதக்கண்ணாடி வழியாகக் கோட்டைப் பார்க்கக் குனிந்தார். ஊசி இறங்கியது. மூலையில் இருந்த சின்ன ஸ்பீக்கரிலிருந்து அக்கா பாடினாள்.

தட்டுவதற்குக் கை இல்லை, பேசுவதற்கு வாய் இல்லை. கேட்பதைத் தவிர அவனுக்கு வேறு வேலையே இல்லை. கேட்டான். அக்காவின் குரலில் இப்படி ஒரு கனிவு இருக்கிறது என்று இத்தனை வருஷம் தெரியாமல் போயிற்றே என்று நினைத்துக்கொண்டான். மூன்றாவது பாட்டு வந்தபோது திடுக்கிட்டான். அது அவர்களுடைய பழைய பாட்டுதான். அதே வார்த்தைகள், ஆனால் நடை நிதானம். கடைசி வரிக்கு முன்னால் அக்கா நின்றாள். ஒரு மூச்சு. பிறகு குரலைத் தாழ்த்தி அந்த வரியைச் சொன்னாள். அதுதான் அந்தப் பாட்டின் உயிரே என்று அவனுக்கு அப்போதுதான் புரிந்தது. கண்ணீர் தாரை தாரையாக வந்தது. துடைக்கக் கையை எடுக்கவில்லை. எடுத்தால் ஏதாவது சத்தம் வந்துவிடுமே.

மாதிரித் தட்டு வந்த அன்றைக்கு அவனுக்குச் சந்தோஷத்தில் கால் தரையில் பாவவில்லை. மேலே தன்னுடைய டப்பா ரெக்கார்டு பிளேயரில் போட்டுப் பார்த்தான். கண்ணாடி மாதிரி இருந்தது. அக்கா ஏதோ வாங்கக் கடைக்குப் போயிருந்தாள். அவள் வருவதற்குள் ஏற்பாடு பண்ணிவிட வேண்டும் என்று உறையில் போட்ட தட்டையும் பிளேயரையும் தூக்கிக்கொண்டு படியில் இறங்கினான். முன்னறையில் குழுவின் பழைய ஸ்பீக்கர்கள் இரண்டு, ஆள் உயரத்துக்கு, பத்திரிகை அடுக்கிவைக்கிற மேடையாக நின்றிருந்தன. பத்திரிகைகளை வாரி ஒரு நோயாளி மடியில் போட்டுவிட்டு ஒயரைச் செருகினான். பாட்டு ஆரம்பித்தது. கன்னம் வீங்கினவர்கள்கூட நிமிர்ந்து உட்கார்ந்தார்கள். டமாரம் இடுப்பில் கையை வைத்துக்கொண்டு, உலகத்துக்கே முதலாளி மாதிரி நின்றான்.

பொக்கைவாய்க்காரர் கண்ணை மூடித் தலையாட்டிக்கொண்டிருந்தவர், கண்ணைத் திறந்தார். "டிரம்ஸ் யாருங்க? ரொம்ப நல்லா வாசிச்சிருக்காங்க."

"டிரம்ஸா? டிரம்ஸ் கிடையாதுங்க."

"இருக்கே."

டமாரம் ஸ்பீக்கருக்கு முன்னால் மண்டியிட்டு, உள்ளங்கையை அதன் மேல் வைத்தான். தும்... தும்... தும்... ரொம்ப ஆழத்தில், பூமிக்கு அடியிலிருந்து வருகிற மாதிரி. டப்பா பிளேயரின் குட்டி ஸ்பீக்கருக்கு இந்தச் சத்தத்தைக் காட்டுகிற யோக்கியதை இல்லை; இந்த ராட்சச ஸ்பீக்கருக்கு இருந்தது. முதலில் தொழிற்சாலைக் கோளாறு என்றுதான் நினைத்தான். மூன்றாவது பாட்டு வந்தது. கடைசி வரிக்கு முன்னால் அக்கா நின்றாள். அந்தத் தும் தும் சத்தமும் நின்றது. அவள் மறுபடி ஆரம்பித்ததும் கூடவே வந்தது. எந்தக் கோளாறு இப்படிப் பாட்டுக்கு மரியாதை கொடுத்து நிற்கும்?

அவன் மெல்லக் குனிந்து தன் வலது காலைப் பார்த்தான். இத்தனை வருஷமாகப் பெரிய டிரம்மின் பெடலை மிதித்த கால். கையைக் கட்டிப்போட்டான், வாயைக் கட்டிப்போட்டான், காலை மறந்துவிட்டான். அந்த மரத்தரையில், வெறும் குதிகாலால், பாட்டு முழுவதும்! பேய் அறைந்தவன் மாதிரி உட்கார்ந்துவிட்டான்.

உள்ளேயிருந்து மாமா முகமூடியும் கையுறையுமாக எட்டிப் பார்த்தார். "என்னப்பா, மூஞ்சி ஏன் இப்படி ஆயிடுச்சு?" விஷயத்தைக் கேட்டதும் அவருக்கும் முகமூடிக்குள் முகம் மாறியிருக்க வேண்டும். "உங்க அக்காகிட்ட உண்மையைச் சொன்னா நீயும் இருக்கமாட்டே, உனக்கு இடம் கொடுத்த நானும் இருக்கமாட்டேன். தொழிற்சாலை மேல போட்டுடு. அவங்க என்ன நேர்லயா வந்து கேட்கப்போறாங்க?" என்றார். சொல்லிவிட்டு, பாதியில் விட்டுவந்த பல்லைப் பார்க்கக் கம்பி நீட்டினார்.

அக்கா பையோடு வாசலில் வந்து நின்றபோது தட்டு சுற்றிக்கொண்டுதான் இருந்தது. அதை நிறுத்தக்கூட அவனுக்குத் தோன்றவில்லை. அவளுக்குக் காது பாம்புக்காது. உள்ளே காலை வைத்ததுமே புருவம் ஏறியது.

"என்ன சத்தம் அது?"

"அதுவாக்கா? தொழிற்சாலையில... அவங்க மெஷின்ல ஏதோ ஒரு இது... சக்கரமாம், அது தேஞ்சு போச்சாம். எல்லாருக்கும் இப்படித்தான் வருதாம். நான் போன் பண்ணி ஒரு கை பார்த்துட்டேன்..."

அவன் பூசி மெழுகிக்கொண்டே போனான். அக்கா அவன் முகத்தைப் பார்க்கவில்லை. தரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அறையில் இருந்த நோயாளிகளும் ஒவ்வொருவராகத் தரையைப் பார்த்தார்கள். டமாரத்துக்கு ஏதோ உறைத்து அவனும் பார்த்தான். ஸ்பீக்கரில் தும்... தும்... தரையில் அவன் செருப்பு டப்... டப்... இரண்டும் ஒன்றாக, ஒரு இழை பிசகாமல்.

கையும் களவுமாகப் பிடிபட்டவர்கள் ஊரில் நிறையப் பேர். காலும் களவுமாகப் பிடிபட்டவன் இவன் ஒருத்தனாகத்தான் இருப்பான். பொக்கைவாய்க்காரர் வாய்விட்டுச் சிரித்துவிட்டு, அக்காவைப் பார்த்துச் சட்டென்று இருமலாக மாற்றிக்கொண்டார்.

"நான்தான்க்கா" என்றான் டமாரம். தலை தொங்கிவிட்டது. "வேணும்னு பண்ணலைக்கா. கை மேலயே கவனமா இருந்துட்டேன். தொழிற்சாலைக்காரங்க பாவம், அவங்க மேல எந்தத் தப்பும் இல்ல."

அக்கா சிரிக்கவில்லை, திட்டவும் இல்லை. திட்டியிருந்தால் தேவலாம். தட்டை எடுத்து உறையில் போட்டாள். உறையின் பின்பக்கத்தைத் திருப்பி 'டிரம்ஸ்: கிடையாது' என்பதை ஒருமுறை படித்தாள். அதைத் தன் பைக்குள் வைத்துக்கொண்டாள்.

"புதுசா வெட்டணும். நானும் உங்க மாமாவும் போறோம்."

"நான் வண்டியில கொண்டுபோய்..."

"இன்னும் நான் முடிக்கலை. நீ அந்தத் தெருப்பக்கம்கூட வரக்கூடாது." போய் மேசைக்குப் பின்னால் உட்கார்ந்துகொண்டு, "அடுத்த டோக்கன்" என்றாள்.

பாட்டை வாங்கிக்கொண்டு போகவில்லை, அதுவரைக்கும் நிம்மதி. ஆனால் அன்றிலிருந்து அவள் முன்மேசையில் பாடவும் இல்லை. அவன் படியில் இறங்கினால் டோக்கனை எண்ண ஆரம்பித்துவிடுவாள். அவனுக்கு அது சுருக்கென்று குத்தியது. ஆபீஸில் உட்கார்ந்து உறை மடித்தான். காலைப் பார்க்கும்போதெல்லாம் எரிச்சல் வந்தது. மேசைக் காலோடு அதை ஒரு கயிற்றால் கட்டியும் பார்த்தான். போன் அடித்தது, எழுந்து ஓடினான், மேசையோடு விழுந்தான்.

மாமா ஒருநாள் ஆஸ்பத்திரியைச் சாத்திவிட்டு அக்காவோடு போய்ப் புதுத் தட்டு வெட்டிக்கொண்டு வந்தார். அங்கே ஊசி இறங்கியதும் அவருக்குத் தும்மல் வந்ததாம். மூக்கைப் பிடித்து அடக்கியதில் உயிரே போய்விட்டதாம். புது மாதிரித் தட்டை ராட்சச ஸ்பீக்கரில் போட்டார்கள். அக்கா, கிதார், அவ்வளவுதான். அவள் மூச்சு எடுக்கிற இடத்தில் அறையே மூச்சு எடுத்தது. டமாரம் கதவுக்கு வெளியே நின்று கேட்டான். நன்றாக இருந்தது, அதில் பொய் இல்லை. பொக்கைவாய்க்காரர் மட்டும், "நல்லாத்தான் இருக்கு" என்று இழுத்தார். டமாரம் அவர் வாக்கியத்தை முடிக்கப் போகவில்லை.

தட்டுகள் பெட்டி பெட்டியாக வந்து இறங்கின. வண்டி எடுத்துக்கொண்டு கடை கடையாக ஏறி இறங்கினான். இரைச்சல் குழுக்காரர்கள், உடம்பெல்லாம் ஊக்குக் குத்தினவர்கள், வந்து இரண்டு இரண்டாக வாங்கிக்கொண்டு போனார்கள். ஒன்று தங்களுக்கு, ஒன்று அம்மாவுக்கு. ரேடியோவில் ஒருவர் இரண்டு நாள் தொடர்ந்து போட்டார். "முதலாளி" என்று கிதார்காரன் டிரைவிங் ஸ்கூல் காரை நிறுத்திக் கூப்பிட்டான். பக்கத்தில் ஸ்டியரிங்கைப் பிடித்திருந்த பெண் நடுங்கிப்போனாள். எல்லாம் சந்தோஷம்தான். ஆனால் அக்காவோடு பாட்டைப் பற்றி ஒரு வார்த்தை பேச முடியவில்லையே என்பது அவனை உள்ளுக்குள் அரித்துக்கொண்டிருந்தது.

அக்காவுக்குச் சேர வேண்டிய தட்டுகளை ஒரு பெட்டியில் போட்டு எடுத்துக்கொண்டு, ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை அவள் வீட்டுக்குப் போனான். வாசல் கதவு சாத்தியிருந்தது. மணியை அழுத்தக் கையைத் தூக்கினவன் அப்படியே நின்றான்.

உள்ளே அக்கா பாடிக்கொண்டிருந்தாள். ஒரு அக்கா இல்லை, இரண்டு அக்கா. ஒன்று தட்டில் பாடுகிறவள். இன்னொன்று அதோடு சேர்ந்து, வீட்டுக்குள் நடந்துகொண்டே பாடுகிறவள். இரண்டு குரலுக்கும் அடியில், கதவைத் தொட்ட அவன் விரல் நுனிக்கு வந்து சேர்ந்தது அந்தச் சத்தம். தும்... தும்... தும்...

அது அந்தப் பழைய தட்டு. அவன் கெடுத்த தட்டு.

பெட்டியை மார்போடு அணைத்துக்கொண்டு நின்றான். மூன்றாவது பாட்டு வந்தது. கடைசி வரிக்கு முன்னால் அக்கா நின்றாள், இரண்டு அக்காவும். தும் தும் சத்தமும் நின்றது. பிறகு அந்த வரி. அது முடிந்ததும் உள்ளே யாரோ ஊசியைத் தூக்கி, கொஞ்சம் பின்னால் வைத்தார்கள். அதே இடம் மறுபடியும் வந்தது. மறுபடியும் ஊசி தூக்கப்பட்டது. அதே இடம். டமாரம் தன் காலைப் பார்த்தான். அது அசையாமல், நல்ல பிள்ளையாக, செருப்புக்குள் இருந்தது.

கதவு திறந்தது. மாமா குப்பைக்கூடையோடு நின்றார். அவனைப் பார்த்துத் திருதிருவென்று விழித்தார். "தினமும் இதே பாட்டுதான்பா" என்று காதோடு சொல்லிவிட்டு, "உன் தம்பி வந்திருக்கான்!" என்று உள்ளே பார்த்துக் கத்தினார். குப்பைக்கூடையோடு நகர்ந்துவிட்டார், மறுபடியும் கம்பி நீட்டல்.

அக்கா கையைத் துடைத்துக்கொண்டே வந்தாள். அவள் கண் சிவந்திருந்தது. பெட்டியை வாங்கிக் கீழே வைத்தாள். உள்ளே தட்டு சும்மா சுற்றிக்கொண்டிருந்தது.

"அந்த இடத்துல நின்னிருக்கேடா" என்றாள் கடைசியில்.

அவன் நிமிர்ந்து பார்த்தான்.

"எங்க நான் நிக்கறேனோ அங்க நின்னிருக்கே. நான் மெதுவா போனா மெதுவா வந்திருக்கே. முதல்ல ஆத்திரமா வந்துச்சு, உடைச்சுடலாம்னுதான் வீட்டுக்குக் கொண்டுவந்தேன். ஒருதரம் போட்டுப் பார்த்துட்டு உடைக்கலாம்னு போட்டேன்." மூக்கை உறிஞ்சிக்கொண்டாள். "கடையில விக்கறதுல டிரம்ஸ் கிடையாது, அது கிடையாதுதான். சொன்னா சொன்னதுதான். ஆனா வர்ற சனிக்கிழமை ஒரு சின்ன ஹால்ல என்னைப் பாடக் கூப்பிட்டிருக்காங்க. தனியா நிக்க எனக்குக் கொஞ்சம் உதறுது."

டமாரத்தின் நாக்கு நுனிவரை வந்துவிட்டது. ஆயிரம் வார்த்தை வந்தது. எல்லாவற்றையும் விழுங்கினான்.

"பெரிய டிரம் மட்டும் எடுத்துட்டு வா. மத்ததெல்லாம் வீட்டுல இருக்கட்டும். கை ரெண்டையும் தொடைக்கு அடியில வச்சு உட்காரு. கால் மட்டும் போதும்."

அவள் பேசி முடித்துவிட்டாளா என்று பார்த்தான். இன்னும் ஏதோ இருக்கிற மாதிரி இருந்தது. காத்திருந்தான். அக்கா ஒரு மூச்சு எடுத்தாள்.

"வருவியாடா?"

கேள்வி முழுவதும் முடிந்த பிறகு, ஒரு நொடி விட்டு, "வர்றேன்க்கா" என்றான்.